உறைந்த மீன் சந்தை: வாழைச்சேனை வியாபாரிகள் போட்டுப் பார்க்க வேண்டிய கணக்கு

சித்திரை பிறந்து கடல் அமைதியடைந்தால் கிழக்கில் மீன் மலியும். ஐப்பசி கடந்து வடகீழ்ப் பருவக்காற்று ஆரம்பித்தால் தோணிகள் கரையில் கவிழும், மீன் விலை ஏறும். தென்பகுதியிலும் மேற்குப் பகுதியிலும் இது தலைகீழ். அங்கே வைகாசி முதல் புரட்டாதி வரை கடல் கொந்தளிக்கும். அதனால்தான் ஒவ்வொரு வருடமும் அப்பகுதிப் படகுகள் பல எமது கரைக்கு வந்து தொழில் செய்கின்றன. மீன் பெருகும் அந்த மாதங்களில் வாழைச்சேனைத் துறைமுகத்தில் இறங்கும் மீனுக்கு விலை சொல்பவர் யார்? ஹபரணை வழியாக இரவோடிரவாக லொறியை அனுப்பி, விடியுமுன் பேலியகொடை மொத்தச் சந்தையில் சேர்ப்பவரே. அங்கே அன்று அதிகாலையில் விலை என்னவோ, அதிலிருந்து வாடகையையும் ஐஸ் செலவையும் தரகையும் கழித்து மிஞ்சுவதுதான் இங்கே படகுக்காரருக்கும் கரை வியாபாரிக்கும் கிடைக்கும் விலை.

இந்த நிலையில் "நாமும் ஒரு குளிரறை கட்டினால் என்ன?" என்ற கேள்வி எமது பகுதி வியாபாரிகள் மத்தியில் அடிக்கடி எழுகின்றது. மலியும் காலத்தில் வாங்கி உறைய வைத்து, மாரி காலத்தில் விற்றால் இலாபம்தானே என்பது யோசனை. மேலோட்டமாகப் பார்த்தால் இது சரியாகவே தெரிகின்றது. ஆனால் கணக்கு அவ்வளவு இலகுவானதல்ல. உறைந்த மீன் வியாபாரம் உலகில் எங்கே நிற்கின்றது, எமது நாட்டில் எந்தப் பக்கம் நகர்கின்றது, அதில் கரையோர வியாபாரிக்கு எந்த இடம் இருக்கின்றது என்பவற்றைப் பார்த்துவிட்டுக் கணக்குக்கு வருவோம்.

ஐஸ் மீன் வேறு, உறைந்த மீன் வேறு

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ள வேண்டும். எமது மக்கள் "ஐஸ் மீன்" என்று முகம் சுளிப்பது பெரும்பாலும் உறைந்த மீனைப் பார்த்தல்ல. பலநாட் படகின் அடித்தட்டில் நொறுக்கிய ஐஸுக்குள் வாரக்கணக்கில் கிடந்து வந்த மீனைத்தான் அப்படிச் சொல்கிறார்கள். ஐஸில் வைத்த மீனின் வெப்பநிலை பூச்சியம் பாகையைச் சுற்றியே இருக்கும். அங்கே கெடுவது மெதுவாகுமே தவிர நின்றுவிடாது. ஒரு மாதப் பயணத்தில் முதல் வாரம் பிடித்த மீனும் கடைசி நாள் பிடித்த மீனும் ஒரே படகில் வந்து ஒரே நாளில் இறங்குகின்றன. பெயர் ஒன்று, தரம் இரண்டு.

உறைந்த மீன் என்பது மறை 35 முதல் மறை 40 பாகை செல்சியஸ் வரையிலான கடுங்குளிர்க் காற்றில் சில மணி நேரத்துக்குள் உறைய வைத்து, அதன் பின் மறை 18 பாகையிலோ அதற்குக் கீழோ வைத்திருக்கும் மீனாகும். மறை 1 முதல் மறை 5 பாகை வரையான கட்டத்தை மீன் எவ்வளவு வேகமாகக் கடக்கின்றதோ அவ்வளவுக்குத் தசையில் உருவாகும் பனிப்பளிங்குகள் சிறிதாக இருக்கும். மெதுவாக உறைந்தால் பளிங்குகள் பெருத்துத் தசையைக் கிழித்துவிடும். அப்படிப்பட்ட மீன் உருகும்போது நீர் வடிந்து, கறியில் சக்கையாகிவிடும். கடையிலுள்ள ஐஸ்கிறீம் பெட்டியில் மீனை அடுக்கி வைப்பவர் செய்வது இந்த இரண்டாவது வேலையைத்தான். அந்தப் பெட்டி உறைந்த பொருளை வைத்திருப்பதற்காகச் செய்யப்பட்டது, உறைய வைப்பதற்காக அல்ல. உறைந்த மீனுக்கு எமது நாட்டில் கெட்ட பெயர் வந்ததில் இந்தப் பெட்டிகளுக்குப் பெரும் பங்கு உண்டு.

உலகில் மனிதர் உண்ணும் நீர்வாழ் உணவில் ஏறத்தாழ 35 வீதம் உறைந்த நிலையிலும் 43 வீதம் உயிருடனோ புதிதாகவோ குளிரூட்டியோ விற்கப்படுவதாக உணவு விவசாய நிறுவனம் 2024 இல் வெளியிட்ட அறிக்கை கூறுகின்றது. மீதி, தகரத்தில் அடைத்ததும் பதனிட்டதும் கருவாடுமாகும். எம்மவர்கள் தொழிலுக்குச் செல்லும் வளைகுடா நாடுகளின் பேரங்காடிகளில் உறைந்த மீனுக்கென நீண்ட வரிசையில் பெட்டிகள் இருப்பதை அங்கிருந்து வந்த எவரும் சொல்வர். அங்கே அதை வாங்கிச் சமைத்தவர்களே ஊருக்கு வந்ததும் செவுள் சிவந்த மீனைத் தேடிக் கடற்கரைக்குப் போகிறார்கள். பழக்கம் அப்படி.

சந்தை மூடிய நாட்கள்

பிறர் சந்தையை நம்பியிருக்கும் மீனுக்கு என்ன நடக்கும் என்பதற்கு அண்மைய வரலாற்றில் நல்ல பாடங்கள் உண்டு. முதலாவது எமது அயலவரான மாலைதீவினுடையது. நூற்றாண்டுக் கணக்காக அவர்களுடைய மாசிக்குப் பெரிய வாடிக்கையாளர் இலங்கைதான். எழுபதுகளின் தொடக்கத்தில் எமது நாடு வெளிநாட்டுச் செலாவணி நெருக்கடியில் சிக்கி இறக்குமதியைக் குறைத்தபோது அந்தச் சந்தை சரிந்தது. அவர்கள் என்ன செய்தார்கள்? 1972 முதல், கடலில் நின்ற ஜப்பானியச் சேகரிப்புக் கப்பல்களுக்குச் சூரை மீனைப் பச்சையாகவே விற்கத் தொடங்கினார்கள். அது அங்கேயே உறைய வைக்கப்பட்டுத் தகர மீன் ஆலைகளுக்குப் போனது. காய வைத்து விற்ற நாடு, உறைய வைப்பவனுக்கு விற்கும் நாடாக மாறியது.

இரண்டாவது எமது சொந்தக் கதை. சட்டவிரோத மீன்பிடியைக் கட்டுப்படுத்தவில்லை என்று ஐரோப்பிய ஒன்றியம் 2012 நவம்பரில் இலங்கைக்கு மஞ்சள் அட்டை காட்டியது. 2014 ஒக்டோபரில் தடையை அறிவித்து, 2015 ஜனவரி முதல் இலங்கைப் படகுகள் பிடித்த மீனை நிறுத்தியது. அப்போது அந்த ஒன்றியத்துக்குக் குளிரூட்டிய சூரையும் வாள்மீனும் அனுப்புவதில் இலங்கை இரண்டாம் இடத்தில் இருந்தது. 2013 இல் மட்டும் 7,400 தொன், பெறுமதி 7 கோடி 40 இலட்சம் யூரோ. 2016 ஜூனில் தடை நீங்கும் வரை அந்த மீன் வேறு வாசல்களைத் தேடி அலைந்தது. படகுகளில் கண்காணிப்புக் கருவி பொருத்துவதும் பதிவேடு நிரப்புவதும் கட்டாயமானது இந்த நெருக்கடியின் விளைவாகத்தான். அந்தப் பதிவேட்டைத் தொல்லையாக நினைக்கும் படகுக்காரர் இப்போதும் உண்டு. ஏற்றுமதி நிறுவனம் மீனை வாங்கும்போது முதலில் கேட்பது அதைத்தான் என்பதை அவர்களுக்குச் சொல்ல வேண்டியிருக்கின்றது.

மூன்றாவது 2020. மார்ச்சில் விமான நிலையம் மூடப்பட்டதும், பயணிகள் விமானத்தின் வயிற்றில் ஏறிப்போகும் குளிரூட்டிய மீனின் வழி அடைபட்டது. கப்பலில் கொள்கலனில் போகும் உறைந்த மீனுக்கு அந்த அளவுக்கு இடர் இருக்கவில்லை. ஒக்டோபரில் பேலியகொடைச் சந்தையில் கொவிட் கொத்தணி கண்டறியப்பட்டுச் சந்தை மூடப்பட்டது. அதே மாதக் கடைசியில் வாழைச்சேனைப் பொலிஸ் பிரிவிலும் தனிமைப்படுத்தல் ஊரடங்கு போடப்பட்டதை இங்குள்ளவர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மீன் சாப்பிட்டால் தொற்று வரும் என்ற பயத்தில் நாடு முழுவதும் மீன் விற்பனை படுத்துவிட்டது. நவம்பரில் முன்னாள் மீன்பிடி அமைச்சர் ஒருவர் ஊடகவியலாளர் முன்னிலையில் பச்சை மீனைக் கடித்துக் காட்ட வேண்டிய அளவுக்கு நிலைமை போனது! அந்த வாரங்களில் மீனை வைத்துக்கொள்ளக் குளிரறை இருந்தவர் காத்திருந்தார். இல்லாதவர் கருவாடு போட்டார், அல்லது கிடைத்த விலைக்குக் கொடுத்தார்.

ஆனால் 2022 வேறு பாடத்தைச் சொன்னது. மார்ச் மாத இறுதியில் நாளொன்றுக்கு 13 மணி நேரம் வரை மின்வெட்டு. ஜூனில் டீசல் லீற்றர் 460 ரூபா. ஓகஸ்டில் மண்ணெண்ணெய் 87 ரூபாவிலிருந்து ஒரே இரவில் 340 ரூபா. அதே ஓகஸ்டில் மின் கட்டணம் சராசரியாக 75 வீதம் உயர்ந்தது, 2023 பெப்ரவரியில் மேலும் 66 வீதம். பின்னர் கட்டணம் குறைக்கப்பட்டது உண்மை. ஆயினும் குளிரறை வைத்திருந்தவர்களில் மின்பிறப்பாக்கிக்கு எண்ணெய் தேடி வரிசையில் நின்றவர்கள், "வைத்திருந்து விற்பது" என்பதன் மறுபக்கத்தைக் கண்டார்கள்.

கணக்கைப் போட்டுப் பார்ப்போம்

இப்போது விடயத்துக்கு வருவோம். கீழுள்ள தொகைகள் உதாரணத்துக்கு எடுத்தவை. ஒவ்வொருவரும் தமது துறையின் அன்றைய விலைகளைப் போட்டுப் பார்க்க வேண்டும்.

மலியும் காலத்தில் சூரை மீன் கிலோ 600 ரூபாவுக்கு வாங்குவதாக வைத்துக்கொள்வோம். முழு மீனாக உறைய வைத்துப் பொதி செய்யக் கிலோவுக்கு 40 ரூபா. மாதம் 15 ரூபா வீதம் நாலு மாதம் களஞ்சியத்தில் வைக்க 60 ரூபா. விற்குமிடம் கொண்டு போக 30 ரூபா. ஆக 730 ரூபா. உலர்வதாலும் நீர் வடிவதாலும் நிறையில் 4 வீதம் குறைந்தால் விற்கும் ஒவ்வொரு கிலோவின் அடக்கம் 760 ரூபா ஆகின்றது.

மாரி காலத்தில் புதிய சூரை 900 ரூபா போகின்றது என்று கொள்வோம். 300 ரூபா வித்தியாசம் இருக்கின்றதே என்று மகிழ வேண்டாம். உறைந்த மீனை எமது நுகர்வோர் புதிய மீனின் விலைக்கு வாங்குவதில்லை. 15 வீதம் குறைத்தால் 765 ரூபா. கிலோவுக்கு 5 ரூபா இலாபம். 20 வீதம் குறைத்தால் 720 ரூபா. கிலோவுக்கு 40 ரூபா நட்டம். வாங்கிய விலையைவிட ஒன்றரை மடங்கு விலை ஏறியும் கையில் எதுவும் நிற்கவில்லை. இதில் நாலு மாதம் முடங்கிய முதலுக்கு எதுவுமே போடவில்லை என்பதையும் கவனிக்கவும்.

அதே மீனை உறைய வைக்கும் முன்பே வெட்டித் துப்புரவு செய்தால் கணக்கு மாறுகின்றது. ஒரு கிலோ முழு மீனில் சுமார் 650 கிராம் துண்டு தேறும் என்று வைப்போம். மீன் 600, வெட்டுக்கூலி 30. ஆக 630 ரூபாவுக்கு 650 கிராம், அதாவது கிலோ துண்டு 969 ரூபா. உறைய வைத்து நல்ல பொதியில் அடைக்க 60, களஞ்சியம் 60, போக்குவரத்து 30 சேர்த்து 1,119. பொதிக்குள் இருப்பதால் நிறை இழப்பு 2 வீதம் என்றால் 1,142 ரூபா அடக்கம். மறுபுறம், மாரியில் 900 ரூபாவுக்கு முழு மீன் வாங்கி வெட்டும் குடும்பத்துக்குத் துண்டு கிலோ 1,385 ரூபா விழுகின்றது. அதில் 15 வீதம் குறைத்து 1,177 ரூபாவுக்கு விற்றால் 35 ரூபா மிஞ்சும். தலையையும் நடுமுள்ளையும் வெட்டிய அன்றே உள்ளூரில் விற்றுவிடலாம். அதில் கிலோ முழு மீனுக்கு 40 ரூபா கிடைத்தால் துண்டு கிலோவுக்கு 61 ரூபா சேர்கின்றது. மொத்த இலாபம் 96 ரூபா. 20 வீதம் குறைத்து விற்க நேர்ந்தாலும் 27 ரூபா நிற்கும். களஞ்சியத்தில் 1,000 கிலோவுக்குப் பதிலாக 650 கிலோவுக்குத்தான் இடம் வேண்டும் என்பது மேலதிக நன்மை.

ஆக, குளிரறையில் மீனை வைத்துக்கொண்டு விலை ஏறட்டும் என்று காத்திருப்பவர் இந்தத் தொழிலில் பெரிதாகச் சம்பாதிப்பதில்லை. வெட்டி, நிறுத்து, பொதி செய்து, சமைக்கத் தயாராகக் கொடுப்பவரே சம்பாதிக்கின்றார். நாட்டின் சந்தை நகரும் திசையும் அதுதான். கணவன் மனைவி இருவரும் வேலைக்குப் போகும் நகரக் குடும்பங்களுக்கு மீன் வெட்ட நேரமில்லை. மாடி வீட்டில் செதிலும் குடலும் கொட்ட இடமுமில்லை. பேரங்காடிகளில் துண்டு மீன் பொதி இடம்பிடித்தது இதனால்தான்.

எமக்கு அருகிலேயே ஒரு வாடிக்கையாளர் இருக்கின்றார். 2011 முதல் பாசிக்குடாவில் வரிசையாக எழுந்த உல்லாச விடுதிகள்தான் அவர். விடுதிச் சமையலறைக்கு வேண்டியது 20 கிலோ கெலவல்லா அல்ல. ஒவ்வொன்றும் 180 கிராம் நிறையுள்ள, முள்ளில்லாத, எல்லா நாளும் ஒரே தரமான துண்டு. விடுதியின் கொள்வனவு அதிகாரி விலையைவிட ஒழுங்கையே அதிகம் பார்ப்பார். காற்று வீசுகின்றது, படகு போகவில்லை, இன்று மீன் இல்லை என்ற பதிலை அவர் ஏற்கமாட்டார். புதிய மீன் வியாபாரி அந்தப் பதிலைச் சொல்லித்தான் ஆக வேண்டும். உறைந்த துண்டு வைத்திருப்பவருக்கு அது தேவையில்லை. ஆடைத் தொழிற்சாலைச் சிற்றுண்டிச்சாலைகள், வைத்தியசாலை விநியோகக் கேள்விப்பத்திரங்கள் என்பனவும் இதே வகையானவை.

எந்த மீனை உறைய வைப்பது?

எல்லா மீனும் இதற்கு உதவாது. கீரி, சூடை, சாளை போன்ற நெய் மீன்கள் மறை 18 பாகையில் நாலு மாதத்துக்கு மேல் நின்றால் எண்ணெய் கெட்டுக் கசப்பு வரும். பாரை, விளை, கலவாய் போன்ற நெய் குறைந்தவை எட்டு மாதம் வரை தாங்கும். சூரை வகைகளில் இன்னொரு சிக்கல் உண்டு. மறை 18 பாகையில் மஞ்சள் செட்டைச் சூரையின் சிவந்த தசை சில மாதங்களில் பழுப்பாகிவிடும். அதனால்தான் ஜப்பானியர் பச்சையாக உண்ணும் சூரையை மறை 60 பாகையில் வைக்கின்றனர். அந்த வியாபாரம் எமது முதலுக்கு எட்டாதது. கறிக்குப் போகும் மீனுக்கு நிறம் ஒரு குறையல்ல, ஆனால் வாங்குபவருக்கு முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்.

நிறத்தைவிடப் பெரிய ஆபத்து கண்ணுக்குத் தெரியாதது. சூரை இன மீன்கள் பிடிபட்ட பின் நாலு பாகைக்கு மேல் சூட்டில் கிடந்தால் ஹிஸ்டமின் என்ற நச்சுப் பொருள் தசையில் உருவாகும். உறைய வைத்தாலும் அது அழியாது, கொதிக்க வைத்தாலும் அழியாது. சாப்பிட்டவருக்கு முகம் சிவந்து, உடம்பு தடித்து, தலைவலியும் வாந்தியும் வரும். ஐரோப்பிய ஒன்றியம் ஒன்பது மாதிரிகளின் சராசரி கிலோவுக்கு 100 மில்லிகிராமைத் தாண்டினால் அந்தத் தொகுதியையே நிராகரித்துவிடும். கெடப்போகும் மீனைக் குளிரறையில் போட்டுக் காப்பாற்றலாம் என்று நினைப்பவர் இதைக் கருத்தில் கொள்ள வேண்டும். விற்காமல் மிஞ்சிய மீனை மாலையில் உறைய வைப்பது குளிரறைத் தொழிலல்ல. காலையில் ஏலத்தில் முதல் தர மீனை எடுத்து உறைய வைப்பதே தொழில். எமது பகுதியில் இந்த வரிசை தலைகீழாக நடப்பதுதான் பெரும் குறை.

இதற்கு வேண்டிய முதல் சீர்திருத்தம் குளிரறையில் அல்ல, படகில் இருக்கின்றது. எமது வெப்பநிலைக்கு ஒரு கிலோ மீனுக்கு ஒரு கிலோ ஐஸ் என்பது பொதுவான அளவு. ஐஸ் விலையைப் பார்த்து இதைப் பாதியாகக் குறைக்கும் படகுகள் உண்டு. பிடித்த மீனில் பெரும் பங்கு கரை சேருமுன்பே தரமிழக்கின்றது என்று மீன்பிடித்துறை அதிகாரிகளும் ஆய்வாளர்களும் பல காலமாகச் சொல்லி வருகின்றனர். படகுக்கு முற்பணம் கொடுக்கும் கரை முதலாளி, ஐஸின் அளவையும் நிபந்தனையாகச் சேர்த்தால் அது அவருக்கே இலாபம்.

நிறையும் நம்பிக்கையும்

உறைந்த மீனின் மேல் மெல்லிய பனிப்போர்வை பூசுவது உலக வழக்கம். மீன் உலர்ந்து வெளிறுவதை அது தடுக்கும். ஆனால் அந்தப் போர்வையின் நிறையை மீனின் நிறையாக விற்பது வேறு விடயம். இறாலிலும் கணவாயிலும் 20 வீதம், 30 வீதம் தண்ணீரை விற்பவர்கள் உலகெங்கும் இருக்கின்றனர். பெட்டியாக வாங்கும் வியாபாரி ஒன்றை எடுத்து நிறுத்து, பனி கரைந்ததும் துடைத்து மீண்டும் நிறுத்துப் பார்த்தால் உண்மை தெரிந்துவிடும். விற்பவராயின் தேறிய நிறையையே பொதியில் அச்சிட வேண்டும். அளவை நிறுவையில் மோசம் செய்வது பற்றி எமது வாசகர்களுக்கு நாம் சொல்லித் தர வேண்டியதில்லை. சந்தைக் கணக்காகப் பார்த்தாலும், புதிதாக ஒரு பொருளைப் பழக்கும்போது முதல் பொதியில் ஏமாந்த குடும்பம் இரண்டாவது பொதியை வாங்காது.

முதல் விடயத்திலும் இரண்டு வார்த்தை. நாலு மாதம் பணம் முடங்கும் தொழில் இது. வட்டிக் கடனில் இறங்க விரும்பாத எமது வியாபாரிகள் பலர் தனித்து இதைத் தொடுவது கடினம். படகுக்காரர் மீனையும், கரை வியாபாரி வெட்டுக் கொட்டிலையும் பொதியையும், மூன்றாமவர் பணத்தையும் போட்டு இலாப நட்டத்தைப் பங்கிடும் கூட்டு எமது சமூகத்துக்குப் புதிதல்ல. ஆனால் எழுதி வைத்துக்கொள்ளாத கூட்டு, ஒரு பருவத்துக்கு மேல் நீடிப்பதை நாம் அரிதாகவே காண்கின்றோம். மின்சாரம் நின்று மீன் கெட்டால் நட்டம் யாருடையது என்பதை முதலிலேயே எழுதிவிட வேண்டும்.

கட்டடத்திலிருந்து தொடங்குவதும் தவறு. ஒலுவில் துறைமுகம் 2013 இல் திறக்கப்பட்டு, வாயில் மணல் மூடிப் படகுகள் வேறிடம் தேட நேர்ந்ததைக் கிழக்கு மக்கள் கண்ணால் கண்டார்கள். கொங்கிறீற் போட்டால் தொழில் தானாக வந்து சேரும் என்ற எண்ணம் அங்கே பலிக்கவில்லை. முதல் பருவத்தில், ஏற்கெனவே உறைய வைக்கும் வசதியுள்ள ஒருவரிடம் கூலிக்குக் கொடுத்து, ஐந்நூறு கிலோ துண்டு மீனை இரண்டு விடுதிகளுக்கும் பத்துக் கடைகளுக்கும் விற்றுப் பார்க்கலாம். அமெரிக்கா 2025 ஓகஸ்டில் இலங்கைப் பொருட்களுக்கு 20 வீத வரி விதித்த பின், ஏற்றுமதிக்காரரும் உள்ளூர்ச் சந்தையை முன்னிலும் கூர்ந்து பார்க்கக்கூடும். அவர்கள் பெரிய இயந்திரங்களோடு வருவார்கள். ஆனால் படகு இறங்கிய ஒரு மணி நேரத்துக்குள் மீனைக் கையிலெடுக்கும் வசதி கொழும்பிலிருப்பவருக்கு இல்லை.

ஆரம்பிப்பவர் முதலில் வாங்க வேண்டிய பொருள் விலை குறைந்தது: மீனின் தசைக்குள் குத்திப் பார்க்கும் ஒரு வெப்பமானி. ஏலத்தில் கை வைக்குமுன் அதை மீனில் குத்திப் பாருங்கள். நாலு பாகைக்கு மேல் காட்டினால் அந்த மீனை அன்றைய லொறிக்கு விட்டுவிட்டு அடுத்த படகைப் பாருங்கள்.